தரங்கம்பாடியில் ஒரு பகல்

(குறுவள மையக் கூட்டத்தில் ஆசிரியர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



களப்பயணம் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறீர்கள். பொதுவாகப் பேசினால் நம் எல்லோருக்கும் தெரிந்ததையே திரும்பச் சொல்வதாக ஆகிவிடும். ஆகவே ஒரே ஒரு பயணத்தைப் பற்றி மட்டும் சொல்கிறேன். மந்தாரக்குப்பத்திலிருந்து எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் 42 பேரோடு தரங்கம்பாடிக்குப் போய்வந்த ஒரு பகலைப் பற்றி.

பள்ளிச் சுற்றுலா என்றால் நம் பிள்ளைகள் மனத்தில் ஒரு படம் இருக்கிறது. விடியற்காலை மூன்று மணிக்குப் பேருந்து ஏற வேண்டும். ஒரே நாளில் ஐந்தாறு ஊர் பார்க்க வேண்டும். நடுராத்திரி அரைத் தூக்கத்தில் இறங்க வேண்டும். மறுநாள் "என்ன பார்த்தீங்க?" என்று கேட்டால், "பஸ்ல டான்ஸ் ஆடினோம் டீச்சர்" என்று பதில் வரும். அதுவும் பிள்ளைகளுக்கு வேண்டியதுதான். நான் குறை சொல்லவில்லை. ஆனால் ஒரே ஊர், ஒரு முழுப் பகல், கால்நடையாக, ஊர் தெரிந்த ஒருவர் வழிகாட்ட என்று போனால் என்ன நடக்கும் என்று பார்க்க ஆசை.

எட்டாம் வகுப்பு வரலாற்றின் முதல் பாடம் 'ஐரோப்பியர்களின் வருகை'. அதில் போர்த்துக்கீசியருக்கும் டச்சுக்காரருக்கும் ஆங்கிலேயருக்கும் பிரெஞ்சுக்காரருக்கும் இடம் தாராளம். டேனியர்களுக்குச் சில வரிகள்தான். அந்தச் சில வரிகளில் வரும் ஊர் நமக்கு ஏறக்குறைய நூறு கிலோமீட்டரில் இருக்கிறது. வடலூர், சேத்தியாத்தோப்பு, சிதம்பரம், கொள்ளிடம் பாலம், சீர்காழி, திருக்கடையூர். இவ்வளவுதான் வழி.

அனுமதிக் கடிதம், பெற்றோர் ஒப்புதல், பள்ளி மேலாண்மைக் குழுத் தீர்மானம், வண்டியின் காப்பீடு, முதலுதவிப் பெட்டி இவையெல்லாம் உங்களுக்கே பழக்கம். ஒன்றை மட்டும் சொல்கிறேன். கடல் உள்ள ஊருக்குப் போனால், "யாரும் தண்ணீரில் இறங்கக் கூடாது" என்ற ஒரு வாக்கியத்தைப் பெற்றோர் ஒப்புதல் கடிதத்திலேயே எழுதி, பிள்ளையும் கையெழுத்துப் போடும்படி செய்யுங்கள். கடற்கரையில் நின்று தொண்டை கிழியக் கத்துவது பாதியாகக் குறையும்.

ஏற்பாட்டில் நான் அதிக நேரம் செலவிட்டது ஒரு சின்ன நோட்டுக்காக. ஜப்பானில் பள்ளிப் பயணத்துக்கு 'ஷூகாகு ரியோகோ' என்று பெயர். கல்விக்கான பயணம் என்று பொருள் கொள்ளலாம். கியோட்டோ, நாரா போன்ற பழைய நகரங்களுக்கு வகுப்பு வகுப்பாகப் போகிறார்கள். போவதற்கு முன்பே 'ஷியோரி' என்ற கையேட்டைத் தயாரித்துக்கொள்கிறார்கள். எந்தத் தெரு, எந்தக் கோயில், எத்தனை மணிக்கு எங்கே இருக்க வேண்டும் என்பதெல்லாம் அதில் இருக்கும். அங்கே போன பிறகு ஐந்தாறு பேர் கொண்ட குழுவாகப் பிரிந்து, தாங்களே போட்ட திட்டப்படி ஊரைச் சுற்றுவதும் உண்டு. பதின்மூன்று வயதுப் பிள்ளைகளைக் கடற்கரை ஊரில் தனியே விட நமக்குத் தைரியம் வராது, விடவும் கூடாது. ஆனால் கையேட்டையும் குழுவையும் நாம் எடுத்துக்கொள்ளலாம் அல்லவா?

நாற்பது பக்க நோட்டைப் பாதியாக வெட்டித் தைத்தோம். முதல் பக்கத்தில் பெயரும் ஆசிரியர்களின் கைப்பேசி எண்களும். இரண்டாம் பக்கத்தில் பிள்ளைகளே வரைந்த தெருப்படம். ஆறு ஆறு பேராக ஏழு குழு, ஒவ்வொன்றுக்கும் ஒரே ஒரு வேலை. கதவு ஜன்னல்களைப் பார்க்க ஒரு குழு. கல்லிலும் சுவரிலும் உள்ள எழுத்துகளையும் ஆண்டுகளையும் குறிக்க ஒரு குழு. பெயர்களுக்கு ஒன்று, கடலுக்கு ஒன்று, எது எவ்வளவுக்கு விற்றது, யார் வாங்கினார்கள் என்று கேட்க ஒன்று. இன்று அந்த ஊரில் வாழும் மக்களிடம் பேச ஒன்று. கடைசியாகச் சந்தேகக் குழு. வழிகாட்டியும் ஆசிரியர்களும் சொல்வதில் எதையெல்லாம் சரிபார்க்க வேண்டும் என்று குறித்துக்கொள்வது அதன் வேலை. வகுப்பில் அதிகம் எதிர்த்துப் பேசும் ஆறு பேரை அதில் போட்டேன். அவர்களுக்கு அவ்வளவு மகிழ்ச்சி.

வழிகாட்டி அந்தப் பகுதிக்காரர், பணி ஓய்வு பெற்றவர். பொறையாறில் பணியாற்றும் ஓர் ஆசிரியை மூலம் கிடைத்தார். முன்கூட்டியே கைப்பேசியில் அவரிடம் மூன்று வேண்டுகோள் வைத்தேன். ஓரிடத்தில் பத்து நிமிடத்துக்கு மேல் பேச வேண்டாம். பிள்ளைகள் முதலில் பார்க்கட்டும், பிறகு நீங்கள் சொல்லுங்கள். தெரியாத கேள்வி வந்தால் தெரியாது என்றே சொல்லிவிடுங்கள். "மூணாவது ரொம்ப ஈஸிம்மா" என்று சிரித்தார்.

ஊருக்குள் நுழையும் இடத்தில் வெள்ளை வெளேரென்று ஒரு வாயில் நிற்கிறது. அதில் 1792 என்ற ஆண்டு இருக்கிறது. எழுத்துக் குழு பேருந்திலிருந்து இறங்கிய கையோடு அதைப் பிடித்துவிட்டது. அதைத் தாண்டினால் நேராகக் கடலை நோக்கிப் போகும் ராஜ வீதி. 1701-இல் கட்டிய சீயோன் ஆலயம், 1718-இல் கட்டிய புதிய எருசலேம் ஆலயம், ஆளுநர் மாளிகை, கடைசியில் டான்ஸ்பர்க் கோட்டை, அப்புறம் கடல். பத்து நிமிடத்தில் நடந்து முடித்துவிடக்கூடிய தெரு. நாங்கள் இரண்டரை மணி நேரம் எடுத்துக்கொண்டோம்.

கோட்டையில் ஒப்பந்தக் கதை. தஞ்சையை ஆண்ட ரகுநாத நாயக்கருக்கும் டென்மார்க்கிலிருந்து வந்தவர்களுக்கும் 1620-இல் உடன்பாடு ஏற்பட்டது. டென்மார்க் மன்னர் நான்காம் கிறிஸ்டியனுக்கு நாயக்கர் அனுப்பிய கடிதம் தங்கத் தகட்டில் எழுதப்பட்டது; இன்றும் அது கோபன்ஹேகனில் ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது. தங்கத்தில் கடிதம் என்றதும் பிள்ளைகள் வாயைப் பிளந்தார்கள். ஆனால் அவர்களை உலுக்கியது அடுத்த செய்திதான். 1845-இல் டேனியர்கள் தரங்கம்பாடியையும் வங்காளத்தில் தங்களிடமிருந்த செராம்பூரையும் சேர்த்துப் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டார்கள்.

விலைக் குழுவில் ஒரு பையன் கையைத் தூக்கினான். "ஊர விக்க முடியுமா ஐயா? உள்ள ஆளுங்க இருக்கும்போதேவா?"

"வித்தாங்களே தம்பி."

"இங்க இருந்தவங்ககிட்ட கேட்டாங்களா?"

வழிகாட்டி கொஞ்சம் யோசித்தார். "வித்தவங்களும் வாங்குனவங்களும் கையெழுத்துப் போட்டாங்க. ஊர்க்காரங்ககிட்ட கேட்டாங்களான்னு எனக்குத் தெரியாது" என்றார். எனக்கு அந்த மனிதரை அப்போதே மிகவும் பிடித்துப்போயிற்று.

நம் வேலைக்கு நெருக்கமான ஒரு கதையும் அந்தத் தெருவில் இருக்கிறது. 1706 ஜூலையில் சீகன்பால்கு இங்கே வந்து இறங்கியபோது வயது இருபதுகளின் நடுவில்தான். தமிழ் ஓரெழுத்தும் தெரியாது. முதியவரான ஓர் உள்ளூர் வாத்தியாரைத் தேடிப் பிடித்து, அவருடைய திண்ணைப் பள்ளியையே தன் வீட்டுக்கு வரவழைத்தார். சின்னப் பிள்ளைகளோடு தானும் தரையில் உட்கார்ந்து மணலில் விரலால் எழுதிப் பழகினார். சில ஆண்டுகளில் நூற்றுக்கும் மேற்பட்ட தமிழ் நூல்களைத் திரட்டி அவற்றைப் பற்றிய குறிப்புகளோடு ஒரு பட்டியல் எழுதினார். ஜெர்மனியின் ஹாலே நகரிலிருந்து தமிழ் அச்செழுத்துகள் வந்தன. அவை அளவில் பெரிதாக இருந்ததால் காகிதம் போதவில்லை; இங்கேயே சின்ன எழுத்துகளை வார்த்தார்கள். பொறையாறில் காகிதம் செய்யவும் முயன்றார்கள். இடையில் கோட்டைத் தளபதியோடு மோதல் ஏற்பட்டு, அதே கோட்டையில் ஏறக்குறைய நான்கு மாதம் சிறையிலும் இருந்தார்.

இதையெல்லாம் கேட்ட பிள்ளைகள் என்ன கேட்டார்கள் தெரியுமா? "அவருக்கு அந்தச் சின்னப் பசங்க சொல்லிக் கொடுத்தாங்களா டீச்சர்?" நிச்சயம் சொல்லிக் கொடுத்திருப்பார்கள். நம் வகுப்பிலேயே நாம் ஐந்து முறை நடத்தியும் ஏறாத கணக்கைப் பக்கத்துப் பிள்ளை ஒரு நிமிடத்தில் ஏற்றிவிடுகிறதே. அந்த வாத்தியாரைப் பற்றி நான் இன்னும் யோசித்துக்கொண்டுதான் இருக்கிறேன். மொழி தெரியாத ஒரு வெள்ளைக்காரரைப் பிள்ளைகளோடு வரிசையில் உட்காரவைத்து 'அ' எழுதச் சொல்ல எவ்வளவு நிதானம் வேண்டும்! அச்சும் புத்தகமும் பிற்பாடு வந்தவை. முதலில் இருந்தது மணலும் ஒரு வாத்தியாரும்தான்.

சந்தேகக் குழுவுக்கு அன்று இரண்டு வேட்டை. முதலாவது ஓசோன். தரங்கம்பாடிக் கடற்காற்றில் ஓசோன் அதிகம், மூச்சை இழுத்து விட்டால் உடம்புக்கு நல்லது என்று நம் வழிகாட்டியும் சொன்னார். சுற்றுலாக் கட்டுரைகளிலும் இது நிறைய வருகிறது. ஒரு பெண் உடனே நோட்டில் எழுதிக்கொண்டு எங்கள் அறிவியல் ஆசிரியரிடம் ஓடினாள். ஓசோன் மேலே வளிமண்டலத்தின் உயரடுக்கில் இருந்தால் நமக்குக் குடை. தரையை ஒட்டி அதிகமாக இருந்தால் நுரையீரலுக்குக் கேடு. நாம் கடல் வாசனை என்று சொல்வதில் பெரும்பங்கு, கடலின் நுண்ணுயிர்களால் உண்டாகும் டைமெத்தில் சல்ஃபைடு என்ற வாயுவுக்கு உரியது. மரத்தடியில் புளிச்சாதப் பொட்டலங்களைப் பிரித்துக்கொண்டே ஆசிரியர் இதை நடத்தி முடித்தார். வழிகாட்டியும் உட்கார்ந்து கேட்டார். "அப்ப இனிமே நல்ல காத்துன்னு மட்டும் சொல்றேன்" என்றார்.

இரண்டாவது ஊர்ப் பெயர். தரங்கம் என்றால் அலை. அலைகள் பாடும் ஊர் ஆதலால் தரங்கம்பாடி. கேட்க அழகாகத்தான் இருக்கிறது. பெயர்க் குழுப் பையன் ஒருவன் மெதுவாக, "அப்ப நம்ம குறிஞ்சிப்பாடியில யாரு பாடுறாங்க டீச்சர்?" என்றான். சிரிப்பு அடங்க வெகு நேரம் ஆயிற்று. பாடி என்பது குடியிருப்பைக் குறிக்கும் சொல். வாணியம்பாடி, குறிஞ்சிப்பாடி எல்லாம் அப்படி வந்தவை. கோட்டைக்கு வடக்கே கடலோரத்தில் மாசிலாமணிநாதர் கோயில் இருக்கிறது. மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்தது. அதன் ஒரு பகுதியைக் கடல் கொண்டுவிட்டது. அந்தக் கோயில் கல்வெட்டில் ஊரின் பெயர் சடங்கன்பாடி. குலசேகரன்பட்டினம் என்றும் ஒரு பெயர். டேனியர்கள் வாயில் அது 'ட்ராங்கபார்' ஆயிற்று. டேனியர்கள் வருவதற்கு முந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே இந்த ஊர் இருந்தது என்பதைப் பிள்ளைகள் அந்தப் பெயர் வழியாகத்தான் பிடித்தார்கள். 'ஐரோப்பியர்களின் வருகை' என்ற தலைப்பே அப்போது வேறு மாதிரி தெரிகிறது. யாரோ இருந்த இடத்துக்குத்தானே வருகை?

மக்கள் குழு, மீன் விற்றுக்கொண்டிருந்த ஓர் அம்மாவிடம் போனது. 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலை இந்தக் கரையைக் கடுமையாகத் தாக்கியது. அதன்பின் மீனவக் குடும்பங்களுக்குக் கடலை விட்டுத் தள்ளி வீடுகள் கட்டித் தந்தார்கள். அந்த அம்மா சொன்னதை ஒரு பெண் அப்படியே நோட்டில் எழுதியிருந்தாள்: "வீடு நல்லாதான் இருக்கு. ஆனா ராத்திரி அலைச் சத்தம் கேக்கல. மொத ஒரு வருசம் தூக்கம் வரல." எந்த அலை எல்லாவற்றையும் கொண்டுபோனதோ அதன் சத்தம் இல்லாமல் தூக்கம் வரவில்லை என்கிறார். இந்த மூன்று வரிக்காகவே நூறு கிலோமீட்டர் போகலாம்.

பிற்பகல் ஆளுநர் மாளிகை. பல ஆண்டுகள் இடிந்து கிடந்த கட்டடம் அது. டென்மார்க்கின் தேசிய அருங்காட்சியகம் முன்வந்து பழைய முறையில் செப்பனிட்டது. இந்த ஊரில் வேறு பல வீடுகளை இன்டாக் அமைப்பு மீட்டிருக்கிறது. சுண்ணாம்புப் பூச்சு, மரத் தூண், தாழ்வாரம் எல்லாவற்றையும் வழிகாட்டி காட்டிக்கொண்டே வந்தார். கதவுக் குழுவில் இருந்த ஒரு பெண் அன்று முழுவதும் வாயே திறக்கவில்லை. அந்தத் தாழ்வாரத்தில் நின்றுகொண்டு கேட்டாள்:

"இத மட்டும் ஏன் ஐயா இவ்ளோ செலவு பண்ணி வச்சிருக்காங்க? எங்க பாட்டி ஊர ஏன் வைக்கல?"

அவருக்குப் புரியவில்லை. நான் விளக்கினேன். உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. 1957-இல் நெய்வேலியில் முதல் சுரங்கம் தோண்டத் தொடங்கினார்கள், பிறகு இரண்டாவது. அதற்காக ஊரை விட்டு வந்த குடும்பங்கள் பல நம் மந்தாரக்குப்பத்திலும் சுற்றுப்புறத்திலும் இருக்கின்றன. அந்தக் குடும்பத்துப் பிள்ளைகள் நம் வகுப்புகளில் இருக்கிறார்கள். பாட்டியின் ஊர் இன்று சுரங்கப் பள்ளம், அல்லது மண்மேடு.

வழிகாட்டி அந்தப் பெண்ணைப் பார்த்துச் சொன்னார்: "இது இருக்குன்னா, இது வேணும்னு யாரோ நாலு பேரு சொன்னாங்க, அதனால இருக்கும்மா. கட்டடம் தானா நிக்காது."

திரும்பும் வழியில் பேருந்தில் பாட்டு இல்லை. பேச்சுதான் நடந்தது. நான் ஜப்பானில் நாகானோ மாகாணத்தில் உள்ள த்சுமாகோ என்ற ஊரைப் பற்றிச் சொன்னேன். பழைய காலத்தில் நெடுஞ்சாலையில் பயணிகள் தங்கிப்போன ஊர். ரயில் வேறு வழியில் போனதும் வெறிச்சோடிவிட்டது. ஊர் மக்களே கூடி மர வீடுகளைப் பழுதுபார்த்தார்கள். 1971-இல் மூன்று கட்டுப்பாடு போட்டுக்கொண்டார்கள்: விற்பதில்லை, வாடகைக்கு விடுவதில்லை, இடிப்பதில்லை. இன்று அந்தத் தெருவில் நடந்து பார்க்க உலகெங்கிலுமிருந்து வருகிறார்கள்.

பின்னிருக்கையிலிருந்து ஒருவன், "அந்த ஊருக்கு அடியில நிலக்கரி இல்ல டீச்சர்" என்றான். அவன் அப்பா சுரங்கத்தில் ஒப்பந்தத் தொழிலாளி. அந்தச் சம்பளத்தில்தான் அவன் படிக்கிறான். கேள்வி கேட்ட பெண்ணின் மாமாவுக்கும் அங்கேதான் வேலை. நாம் இப்போது உட்கார்ந்திருக்கும் இந்த மின்விசிறிக் காற்றும் கணக்கில் உண்டு. இரண்டு பிள்ளைகளில் யாருக்கும் நான் தீர்ப்புச் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்றும் தோன்றவில்லை.

ஆனால் ஒரு வேலை கிடைத்தது. கட்டடத்தை வைத்துக்கொள்ள முடியாவிட்டாலும் தெருப்படத்தை வைத்துக்கொள்ளலாமே. அதே ஏழு குழு, அதே நோட்டின் மீதிப் பக்கங்கள். வீட்டில் உள்ள பெரியவர்களிடம் கேட்டுவரச் சொன்னோம். பிறகு ஒரு சனிக்கிழமை பிற்பகல் தாத்தா பாட்டிகளையே பள்ளிக்கு அழைத்தோம். பதினோரு பேர் வந்தார்கள். வகுப்பறைத் தரையில் சாக்பீஸால் ஒரு கோடு போட்டு, "இது பெரிய தெருன்னு வச்சுக்குங்க" என்றதுதான் தாமதம், ஆளுக்கொரு பக்கம் குனிந்து வரையத் தொடங்கிவிட்டார்கள். முட்டி வலிக்கிறது என்று சொல்லிக்கொண்டு வந்த ஒரு பாட்டி அரை மணி நேரம் தரையிலேயே இருந்தார். ஏரி, களம், அய்யனார், முந்திரித் தோப்பு, யார் வீட்டுத் திண்ணை பெரிது, எந்த வீட்டில் முதலில் ரேடியோ வந்தது என்று எல்லாம் வந்தது. 1930-களில் ஜம்புலிங்க முதலியார் நிலத்தில் கிணறு தோண்டும்போது கறுப்புத் துகள்கள் வந்த கதை நம் பிள்ளைகளுக்கு மனப்பாடம். அன்று அவர்கள் கேட்டது, அதே மண்ணின் மேல் என்னென்ன இருந்தன என்பது.

அதன்பின் இன்னொன்றும் செய்தோம். எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் வழிகாட்டிகளாகி ஆறாம் வகுப்பை மந்தாரக்குப்பத்தில் நடத்திக் கூட்டிப்போனார்கள். கடைத்தெரு, பேருந்து நிறுத்தம், தூரத்தில் தெரியும் மண்மேடு. ஓரிடத்தில் பத்து நிமிடத்துக்கு மேல் பேசக் கூடாது என்ற விதியை அவர்களே போட்டுக்கொண்டார்கள். ஆறாம் வகுப்பிலும் சந்தேகக் குழு உண்டு. மண்மேட்டைக் காட்டிப் பேசியது அந்தத் தாழ்வாரத்தில் கேள்வி கேட்ட பெண்தான். இரண்டே நிமிடம் பேசினாள். ஊரின் பெயரைச் சொன்னாள், தெருக்களின் பெயரைச் சொன்னாள்.

இதற்காக நாங்கள் தனியாக நேரம் ஒதுக்கவில்லை. வரலாறு, தமிழ், அறிவியல் மூன்றிலும் அந்த மாதப் பாடவேளைகளிலேயே அடங்கிவிட்டது. செலவு பேருந்துக் கட்டணமும் சாப்பாடும்தான். வழிகாட்டி பணம் வாங்க மறுத்துவிட்டார். பிள்ளைகள் ஆளுக்கொரு கடிதம் எழுதி அனுப்பினார்கள்.

தரையில் வரைந்த படத்தை இப்போது இரண்டு சார்ட் அட்டைகளை ஒட்டி அதில் ஏற்றியிருக்கிறோம். ஓரிடத்தில் மட்டும் மை போடவில்லை. ஊர்ப் பொதுக் கிணறு அய்யனார் கோயிலுக்குக் கிழக்கே இருந்தது என்கிறார் ஒரு பாட்டி. வடக்கே என்கிறார் இன்னொருவர். இருவரும் தினமும் அதில் தண்ணீர் எடுத்தவர்கள், இருவரும் விட்டுக்கொடுப்பதாக இல்லை. இரண்டு இடத்திலும் பென்சிலால் வட்டம் போட்டு வைத்திருக்கிறோம். அதே ஊர்க்காரர் ஒருவர் விருத்தாசலத்தில் மகன் வீட்டில் இருப்பதாகத் தெரிந்தது. அடுத்த மாதம் அவரை அழைத்துவர ஒரு மாணவனின் அப்பா ஒப்புக்கொண்டிருக்கிறார்.